பீரோவில் இருக்கும் எட்டுப் பேர்

கேள்வி: நகராட்சி அலுவலகத்தில் 13 வருடமாகத் தொகுப்பூதியத்தில் கணினி வேலை பார்க்கிறேன். நானும் துப்புரவுப் பணியில் இருக்கும் எட்டு அக்காக்களும் பணி நிரந்தரம் கேட்டு உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருக்கிறோம். (அவர்களுக்குப் படிக்கத் தெரியாது, எல்லாருடைய காகிதங்களும் என் வீட்டு பீரோவில்தான் இருக்கின்றன.) போன வாரம் மேலதிகாரி கூப்பிட்டு, "நீ மட்டும் விலகிக்கொள், உனக்கு நான் பார்த்துச் செய்கிறேன்" என்றார். மகன் படிப்புச் செலவை நினைத்து என் கணவரும் வாபஸ் வாங்கச் சொல்கிறார். என்ன செய்யட்டும்?

பதில்: அடைப்புக்குறிக்குள் போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்களே, அதைத் திரும்பப் படியுங்கள். ஒன்பது பேரில் அவர் உங்களை மட்டும் ஏன் கூப்பிட்டார்? இப்படிப்பட்ட வழக்கில் எந்த வருடம் சேர்ந்தார்கள், யார் உத்தரவில் சேர்ந்தார்கள், எத்தனை நாள் வேலை பார்த்தார்கள் என்பதற்கான சான்றுதான் உயிர். அலுவலகம் "பதிவேடு இல்லை" என்று கைவிரித்துவிட்டால் அந்த அக்காக்களுக்கு உங்கள் பீரோவை விட்டால் வேறு கதியில்லை. இது உங்களுக்குத் தெரியாதா? தெரிந்ததால்தான் அதை அடைப்புக்குறிக்குள் தள்ளினீர்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

"பார்த்துச் செய்கிறேன்" என்பதை நான் எத்தனையோ கடிதங்களில் படித்துவிட்டேன். 2006 ஏப்ரலில் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, முறைப்படி தேர்வு நடக்காமல் சேர்ந்தவர்களை நிரந்தரமாக்கும் பழக்கத்துக்குப் பூட்டுப் போட்டது. அதற்கப்புறம் ஒரு அதிகாரி தனக்குப் பிடித்த ஒருவரை மட்டும் நிரந்தரம் செய்ய நினைத்தாலும் முடியாது, அதிகாரமே அவரிடம் இல்லை. நம்பிக்கை வரவில்லையென்றால் சொன்னதை எழுதித் தரச் சொல்லுங்கள்.

அதே தீர்ப்பு, அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், அதாவது அரசு முறைப்படி ஒப்புதல் தந்த பணியிடத்தில், உரிய தகுதியோடு, நீதிமன்ற உத்தரவின் துணையில்லாமல் பத்து வருடத்துக்கு மேல் வேலை பார்த்தவர்களை ஒருமுறை மட்டும் வரன்முறைப்படுத்தலாம் என்றும் சொன்னது. அலுவலகங்கள் முதல் பாதியை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டன. மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவு வேலையும் தோட்ட வேலையும் பார்த்த சிலர் 2018-ல் தீர்ப்பாயத்தில் தோற்றார்கள், அதே வருடம் வேலையும் போனது. அவர்களைத் திரும்பச் சேர்த்து நிரந்தரமாக்கச் சொல்லி 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டது. நடுவில் ஆறு வருடம். உங்களுக்கும் வேலை போகலாம், வழக்கும் தோற்கலாம். நீங்கள் இருப்பது அனுமதிக்கப்பட்ட பணியிடம்தானா என்பதை வக்கீலிடம் முதலில் கேளுங்கள், பாதி வழக்கு அதில்தான் நிற்கிறது.

உங்கள் கணவர் மகன் படிப்பைச் சொல்கிறார். சரி, அந்த எட்டு வீட்டிலும் பிள்ளைகள் இல்லையா? பெற்ற பிள்ளைக்குச் செய்வது கடமை, மறுக்கவில்லை. நம்பி ஒருவர் கையில் கொடுத்ததைக் காப்பதும் அதே அளவு கடமை என்றுதான் நான் நினைக்கிறேன், இதில் என்னால் விட்டுக்கொடுக்க முடியாது. அக்கா என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். கூடப்பிறந்த அக்காவின் பத்திரத்தை பீரோவில் வைத்துக்கொண்டு எதிர்த்தரப்போடு தனியாகப் பேசி முடிப்பீர்களா?

விலகுவது உங்கள் உரிமை, சொல்லாமல் விலகுவதற்கு உங்களுக்கு உரிமை கிடையாது. எல்லாக் காகிதங்களுக்கும் இரண்டு நகல் எடுங்கள். ஒன்று வக்கீலுக்கு. இன்னொன்றை ஆளுக்கொரு உறையில் போட்டு, பார்த்ததும் தன்னுடையது என்று தெரியும்படி மேலே அவரவர் போட்டோவை ஒட்டுங்கள். அசலும் அவரவர் கைக்கே போகட்டும். வருகைப் பதிவேட்டின் நகலும் சம்பளப் பட்டியலும் கேட்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒன்பது பேருக்கும் மனு எழுதிக் கொடுங்கள், எழுதத் தெரிந்தவர் நீங்கள் ஒருவர்தானே. அப்புறம் அதிகாரி என்ன சொன்னார் என்பதை ஒரு வார்த்தை விடாமல் அவர்களிடம் சொல்லுங்கள். அதற்குப் பிறகும் வாபஸ் வாங்கத்தான் வேண்டுமென்றால் அவர்கள் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டு வாங்குங்கள்.

இந்த ஞாயிற்றுக்கிழமையே போங்கள். கணவரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.