பிரபலம் ஒருவர் இறந்துவிட்டதாகச் செய்தி வந்தால் அது உண்மைதானா என்று எப்படி உறுதி செய்வது?

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு பழைய நடிகர் காலமானதாகப் படத்துடன் செய்தி வந்தது, நம்பி நாலு பேருக்கு அனுப்பிய பிறகு பொய் என்று தெரிந்தது, இனி எப்படிச் சரிபார்ப்பது என்று கேட்டிருக்கிறீர்கள். தமிழ் நாளிதழ் ஒன்றின் இரவு டெஸ்க்கில் பதினான்கு வருடம் உதவி ஆசிரியராக இருந்தவன் நான். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

எத்தனை பேர் சொல்கிறார்கள் என்று எண்ணாதீர்கள். முதலில் சொன்னது யார், அவருக்கு எப்படித் தெரியும் என்று பாருங்கள். இருபது சேனல் போட்டிருக்கலாம். இருபதுக்கும் ஊற்று ஒன்றாக இருக்கலாம்.

2023 அக்டோபர் 10 அன்று, நோபல் பரிசு பெற்ற பொருளாதார அறிஞர் அமர்த்தியா சென் இறந்துவிட்டதாக நாடு முழுக்கச் செய்தி ஓடியது. பி.டி.ஐ. செய்தி நிறுவனம் போட்டது, அதை வைத்து மற்றவர்கள் போட்டார்கள். எங்கிருந்து வந்தது என்று பார்த்தால், முந்தைய நாள்தான் பொருளாதார நோபல் அறிவிக்கப்பட்ட கிளாடியா கோல்டின் பெயரில் ஒரு எக்ஸ் கணக்கு. இருவருமே ஹார்வர்ட் பேராசிரியர்கள், அதனால் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. ஆனால் அந்தக் கணக்கே போலி. தொமாசோ தெபெனெதெத்தி என்ற இத்தாலியர் உருவாக்கிய புரளி என்று பிறகு அதே கணக்கில் பதிவு வந்தது. மகள் நந்தனா தேவ் சென், அப்பா நலமாக இருக்கிறார், அவருடன் ஒரு வாரம் இருந்துவிட்டு இப்போதுதான் விடைபெற்றேன் என்று சொன்ன பிறகுதான் செய்தி அடங்கியது. முதலிலேயே அவரைக் கேட்டிருந்தால் ஒரு போன்காலில் முடிந்திருக்கும்.

பெரிய இடத்திலிருந்து வந்தால் நம்பலாமா என்றால், அதுவும் போதாது. 1979 மார்ச் 22 அன்று, நெருக்கடி நிலையை எதிர்த்த தலைவர் ஜெயப்பிரகாஷ் நாராயண் (ஜே.பி.) இறந்துவிட்டதாக நாடாளுமன்றத்திலேயே அறிவித்தார்கள். பிரதமர் மொரார்ஜி தேசாய் இரங்கல் தெரிவித்தார், அவை ஒத்திவைக்கப்பட்டது, வானொலியும் சொல்லிவிட்டது. ஜே.பி. அப்போது மும்பை ஜஸ்லோக் மருத்துவமனையில் உயிரோடு இருந்தார். அதன் பிறகு ஆறு மாதத்துக்கும் மேல் வாழ்ந்து, அக்டோபர் 8 அன்று பாட்னாவில்தான் காலமானார். பிரதமர் பொய் சொல்லவில்லை. ஆனால் அவர் டெல்லியில் இருந்தார். அவரும் ஒருவர் சொல்லிக் கேட்டவர்தான்.

நண்பர் சொன்னாலும் இதே கதைதான். ஜிம்பாப்வே கிரிக்கெட் வீரர் ஹீத் ஸ்ட்ரீக் இறந்துவிட்டதாக 2023 ஆகஸ்டில் முதலில் பதிவு போட்டவர்களில் ஒருவர், அவரோடு சேர்ந்து ஆடிய ஹென்றி ஒலோங்கா. சில மணி நேரத்தில் அவரே அதை மறுத்து, ஸ்ட்ரீக்கிடமிருந்து வந்த வாட்ஸ்அப் செய்தியைப் போட்டார். ஸ்ட்ரீக் காலமானது செப்டம்பர் 3.

என் கையால் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். வேலைக்குச் சேர்ந்த மூன்றாவது வருடம். இரவு பதினொன்றரைக்குத் தென்மாவட்டத்துப் பகுதிநேர நிருபர் போன் செய்தார். அந்தப் பக்கத்தில் பெயர்பெற்ற ஒரு நாடக நடிகர், எண்பது வயது தாண்டியவர். "ஐயா போயிட்டாரு சார்" என்றார். வயது கேட்டேன், எத்தனை நாடகம் நடித்தார் என்று கேட்டேன், பெயருக்கு ஒற்றெழுத்து உண்டா என்றுகூடக் கேட்டேன். யார் சொன்னது என்று மட்டும் கேட்கவில்லை. எட்டு வரிச் செய்தியாக ஐந்தாம் பக்கத்தில் வந்துவிட்டது. காலை ஏழரைக்கு அவர் மகள் அலுவலகத்துக்குப் பேசினார். கத்தவில்லை, திட்டவில்லை. "அப்பா இப்பந்தான் காப்பி குடிச்சிட்டு பேப்பர எங்கன்னு கேக்காக. நான் என்னன்னு சொல்ல?" என்றார். என்னால் பதில் சொல்ல முடியவில்லை. இறந்தது அதே ஊரில் அதே பெயருள்ள இன்னொரு பெரியவர். அடுத்த வாரம் நேரில் போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் கையைப் பிடித்துக்கொண்டு சாப்பிட்டுவிட்டுப் போகச் சொன்னார். மகள் அடுக்களையை விட்டு வெளியே வரவே இல்லை.

அதற்குப் பிறகு எந்த மரணச் செய்தி வந்தாலும் நிருபரிடம் ஒரே கேள்விதான்: "உங்களுக்கு யார் சொன்னது?" மேனேஜர் என்பார். மேனேஜரிடம் நீங்கள் பேசினீர்களா என்றால், இல்லை, பேசியவரிடம் பேசினேன் என்பார். சரி, வையுங்கள், அவரிடமே பேசிவிட்டுக் கூப்பிடுங்கள் என்பேன்.

உங்களிடம் நிருபர் இல்லை, ஆனால் செய்தியின் உடம்பைப் பார்த்தே நிறைய கண்டுபிடிக்கலாம். உண்மையான மரணச் செய்தி ஒரு மணி நேரத்தில் வளரும். எந்த மருத்துவமனை, எத்தனை மணி, உடல் எங்கே அஞ்சலிக்கு வைக்கப்படும், இறுதிச் சடங்கு எப்போது என்று விவரம் சேர்ந்துகொண்டே போகும். 2018 ஆகஸ்ட் 7 அன்று கலைஞர் காலமானபோது காவேரி மருத்துவமனை அறிக்கையில் மாலை 6:10 என்று நிமிடக் கணக்கே இருந்தது. புரளி வளராது. "மாரடைப்பால் காலமானார், திரையுலகம் அதிர்ச்சி" என்ற அதே இரண்டு வரி, இரவு வரைக்கும் அப்படியே சுற்றும்.

நியூஸ் கார்டை மட்டும் பார்த்து நம்பவே நம்பாதீர்கள். சேனலின் லோகோவை ஒட்டி அதே வண்ணத்தில் கார்டு செய்ய ஐந்து நிமிடம் போதும். அந்தச் சேனலின் சொந்தப் பக்கத்துக்குப் போய் அந்த கார்டு இருக்கிறதா என்று பாருங்கள். தேதியையும் பாருங்கள், போன வருடச் செய்தியைச் சிலர் இந்த வருடம் அனுப்புவார்கள். பிரபலத்தின் சொந்தப் பக்கத்தில் வந்தால் பெரும்பாலும் நம்பலாம். ஆனால் 2024 பிப்ரவரியில் நடிகை பூனம் பாண்டே இறந்துவிட்டதாக அவருடைய இன்ஸ்டாகிராம் பக்கத்திலேயே போட்டு, மறுநாள் அவரே உயிரோடு வந்து நின்றார். புற்றுநோய் விழிப்புணர்வுக்காகவாம். எனக்கு அதை மன்னிக்க மனம் வரவில்லை.

நமக்கு மறக்காத நாள் 2016 டிசம்பர் 5. மாலை ஐந்தரை மணி வாக்கில் சில தமிழ் சேனல்கள் ஜெயலலிதா காலமானார் என்று போட்டுவிட்டன. ராயப்பேட்டை கட்சி அலுவலகத்தில் கொடியை அரைக்கம்பத்தில் இறக்கி, மறுபடியும் ஏற்றினார்கள். அப்போலோ மறுத்தது. அவர் இரவு 11:30க்குக் காலமானதாக நள்ளிரவுக்குப் பிறகுதான் அறிவிப்பு வந்தது. பின்னாளில் அவர் மரணத்தை விசாரித்த ஆறுமுகசாமி ஆணையம் நேரத்தைப் பற்றி வேறு முடிவுக்கு வந்தது, அது தனி விவகாரம். அந்த மாலையில் கடைகள் அடைபட்டு, பேருந்துக்கு அலைந்து, வீட்டுக்கு நடந்தே போனவர்கள் எத்தனையோ பேர். பொறுப்பில் உள்ளவர்கள் சொல்லும்வரை காத்திருந்தால் யாருக்கும் எதுவும் குறைந்திருக்காது.

கடைசியாக எஸ்.பி.பி. பற்றி. 2020 ஜூனில் எஸ்.ஜானகி இறந்துவிட்டதாகப் புரளி கிளம்பியபோது, காலையிலிருந்து தனக்குப் போன் மேல் போன் வருகிறது, ஜானகியம்மாவிடமே பேசிவிட்டேன், நலமாக இருக்கிறார் என்று வீடியோ போட்டவர் அவர்தான். இப்படிச் செய்யாதீர்கள் என்று அதில் வருத்தப்பட்டார். ஆகஸ்டில் அவரே கொரோனாவுடன் மருத்துவமனையில் இருந்தார். தொற்று நீங்கிவிட்டது என்று ஒரு செய்தி பரவியபோது, அதுவும் உண்மையில்லை என்று மகன் சரண் மறுக்க வேண்டியிருந்தது. செப்டம்பர் 24 அன்று மருத்துவமனை மிகவும் கவலைக்கிடம் என்றது. மறுநாள் காலையிலிருந்து தெரிந்தவர்கள் எல்லாம் என்னைக் கூப்பிட்டு, போட்டாச்சா, ஏன் இன்னும் போடவில்லை என்று கேட்டார்கள். இரங்கல் பக்கம் தயாராகத்தான் இருந்தது, பாட்டுகளின் பட்டியலை நானே இரண்டு தடவை திருத்தியிருந்தேன். நேரம் போட வேண்டிய இடம் மட்டும் காலியாக இருந்தது. சரண் வெளியே வந்து சொன்ன பிறகு அதை நிரப்பினேன்: பிற்பகல் 1:04.