பழசைக் கிண்டுறது – கடிதம்

அன்புள்ள அண்ணா,

நீங்க சொல்லித்தான் சிலி நாட்டு டாக்குமென்டரி டைரக்டர் பத்ரிசியோ குஸ்மானோட படங்களைத் தேடிப் பாத்தன். சிலியில 1973ல ராணுவம் ஆட்சியைப் பிடிச்சது, அதையே மனுசன் அம்பது வருசத்துக்குக் கிட்ட எடுத்துக்கொண்டு இருக்கிறார். ஒரே இடத்துல நிண்டு போறது இல்லையா இது? எனக்கும் திருகோணமலையைப் பத்தி ஃபோன்ல ஒரு டாக்குமென்டரி எடுக்க ஆசை, காணாமல் ஆக்கப்பட்டவங்கட அம்மாமாரிட்ட பேட்டி எடுக்கலாம் எண்டு யோசிச்சன். அப்பா "பழசைக் கிண்டாத பிள்ளை" எண்டுட்டு எழும்பிப் போயிட்டார்.

உப்புவெளியிலருந்து ஒரு வாசகி

தங்கச்சி,

ஓம், ஒரு விதத்துல நிண்டுதான் போனார். ராணுவம் கவிழ்த்த ஜனாதிபதி அலெண்டேயிட ஆட்சியோட கடைசி மாசங்களைச் சின்ன டீம் ஒண்டோட தெருத்தெருவா ஓடி எடுத்த ஆள், செப்டம்பர் 11க்குப் பிறகு அவரைப் பிடிச்சு நேஷனல் ஸ்டேடியத்துல அடைச்சாங்க, ரீலெல்லாம் களவா நாட்டை விட்டு வெளிய போய் கியூபாவுல எடிட் ஆச்சு, கமரா பிடிச்ச ஹோர்ஹே முல்லரை 1974 நவம்பர்ல பிடிச்சுக்கொண்டு போனாங்க, இண்டைக்கு வரைக்கும் ஆள் இல்ல. வேற கதை எடுங்க எண்டு அவருக்குச் சொல்ல நான் ஆர்?

ஆனா அவர்ட்டருந்து நீங்க களவெடுக்க வேண்டியது சோகத்தை இல்ல. 1997ல வந்த படத்தைத் திரும்பப் பாருங்க. சந்தியாகோ நடு ரோட்டுல இளம் பெடியங்கட பாண்ட் வாத்தியக் குழு ஒண்டை அலெண்டே காலத்துப் பாட்டை வாசிக்க விடுறார், கமரா ரோட்டோரம் நிக்கிற சனத்திட முகத்தைப் பாக்குது. ஒருத்தர் வெற்றி எண்டு ரெண்டு விரலைத் தூக்கிக் காட்டுறார், இன்னொருத்தர் முழிக்கிறார். பிறகு கியூபாவுல எடிட் ஆன அந்தப் பழைய படத்தை மாணவர்களுக்குப் போட்டுக் காட்டுறார், அதுல சிலது ராணுவம் வந்தது சரிதான் எண்டு வாதாடுது, அதையும் வெட்டாம வச்சிருக்கிறார். எனக்குப் பிடிச்ச குஸ்மான் அதுதான். (பாலைவனத்துல காணாமல் ஆக்கப்பட்டவங்கட எலும்பு தேடுற பொம்பிளைகளையும் டெலஸ்கோப்பையும் சேத்து 2010ல எடுத்ததைத்தான் எல்லாரும் புகழுறாங்க, எனக்கு அதுல அழகு கொஞ்சம் கூடிப் போச்சு.)

அதால அம்மாமாரை விட்டுடுங்க. வாற கமராவுக்கெல்லாம் பிள்ளையிட போட்டோவைத் தூக்கிப் பிடிச்சு அதே கதையைச் சொல்லிச் சொல்லி அவங்களுக்குக் களைச்சுப் போச்சு. திருகோணமலைக் கடற்கரைக் காந்தி சிலையடிக்குப் போங்க. 2006 ஜனவரி 2 அந்தக் கடற்கரையில 5 தமிழ் மாணவர்களைச் சுட்டுக் கொன்னதும், வழக்குல நிண்ட 13 பொலிஸ் படைக்காரரையும் 2019ல சாட்சியம் போதாது எண்டு விட்டதும் ஊருக்கே தெரியும் எண்டு நாங்க நினைச்சுக்கொண்டு இருக்கிறம். பின்னேரம் அங்க கடலை கொறிக்கிற இருபது வயசுப் பெடியங்கள்ட்ட கேட்டுப் பாருங்க, தெரியுமா எண்டு. தமிழ்ப் பெடியங்கள்ட்ட மட்டும் இல்ல, அநுராதபுரத்திலருந்து கடல் பாக்க பஸ்ஸில வாற சிங்களப் பிள்ளைட்டயும் கேளுங்க, மூதூர் முஸ்லிம் பெடியன்ட்டயும் கேளுங்க. அவனுக்கு 2006 எண்டா ஆகஸ்ட்தான், புலிகள் மூதூருக்குள்ள வந்து சண்டை தொடங்கி சனம் கந்தளாய்க்கு ஓடினது. உங்களுக்குக் கேக்கக் கஷ்டமா இருக்கும், வெட்டிடாதீங்க. சிலியில ஒரே நாட்டைப் பத்தித்தான் ரெண்டு பக்கமும் சண்டை பிடிக்குது, இங்க ஆருட நாடு எண்டதே முடியாத சண்டை.

அப்பாட்ட கமராவைக் கொண்டு போகாதீங்க. ஏன் கிண்டக்கூடாது எண்டு மட்டும் ஆறுதலாக் கேளுங்க, பயத்துல சொல்லுறாரா வெறுத்துப் போய்ச் சொல்லுறாரா எண்டது உங்கட படத்துக்குத் தேவை. ஆர் எண்டாலும் முகம் காட்ட விருப்பமில்லையெண்டா குரல் மட்டும் போதும், அதையும் கேட்டுட்டு ரெக்கார்ட் பண்ணுங்க.

மற்றது, கடற்கரைக் காத்துக்கு ஃபோன் மைக் ஒண்டுக்கும் உதவாது, ஆர்ட்டயாவது காலர் மைக் ஒண்டு கடன் வாங்குங்க.