பில் வில்லிஸ்: கேட்டவையும் சொன்னவையும்

முட்டை வடிவப் பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடும் அமெரிக்கன் ஃபுட்பாலில், க்ளீவ்லேண்ட் பிரவுன்ஸ் அணிக்கு 1946 முதல் 1953 வரை தடுப்பு வரிசையின் நடுவில் ஆடிய பில் வில்லிஸ் பற்றி வந்த கேள்விகளில் சில.

கே: அமெரிக்க விளையாட்டில் கறுப்பர்களுக்குக் கதவைத் திறந்தவர் ஜாக்கி ராபின்சன் இல்லையா?

ப: பேஸ்பாலில் அவர்தான், அது 1947. அதற்கு முந்தைய வருடமே கறுப்பர்களான வில்லிஸும் மேரியன் மோட்லியும் பிரவுன்ஸுக்கு ஆடிவிட்டார்கள். அதே 1946ல் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணிக்கு கறுப்பர்களான கென்னி வாஷிங்டனும் வுடி ஸ்ட்ரோடும் இறங்கினார்கள். அதற்கு முன் 1934லிருந்து 1945 வரை ஃபுட்பாலின் முதன்மை லீகான என்எஃப்எல்லில் ஒரு கறுப்பர்கூட ஆடவில்லை. சட்டப் புத்தகத்தில் தடை கிடையாது; முதலாளிகள் எடுக்கவில்லை, அவ்வளவுதான். பிரவுன்ஸ் அப்போது என்எஃப்எல்லிலும் இல்லை, போட்டியாகத் தொடங்கிய ஏஏஎஃப்சி லீகில் இருந்தது. போதாததற்கு வில்லிஸ் லைன்மேன், அதாவது முன்வரிசையில் நின்று மோதுபவர். பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடாதவனின் படத்தை எந்தப் பேப்பர் போடும்?

கே: சுமார் 95 கிலோதானாமே! அந்த உடம்போடு லைனில் எப்படி நின்றார்?

ப: நிற்கவே இல்லை, பாய்ந்தார். ஒஹையோ ஸ்டேட்டில் தடகள ஓட்டக்காரர் அவர். எதிரே குனிந்திருக்கும் சென்டர், பந்தைக் கால்களுக்கு நடுவே பின்னால் கொடுத்தால்தான் ஆட்டம் தொடங்கும். வில்லிஸின் கண் பந்தின் மேலும் சென்டரின் விரல்கள் மேலும்தான் இருக்கும். பிடி இறுகியதும் கிளம்பிவிடுவார்.

பயிற்சி முகாமுக்கு வந்தபோது அனுபவசாலி சென்டர் மோ ஸ்கேரிக்கு எதிரே நிறுத்தினார்கள். திரும்பத் திரும்ப ஸ்கேரியைத் தாண்டி சென்டரிடம் பந்தை வாங்கி ஆட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக் ஆட்டோ கிரகாம் மேலேயே போய் விழுந்தார். பின்னால் தள்ளப்பட்ட ஸ்கேரி, கிரகாமின் காலை மிதித்ததுதான் மிச்சம். “ஆஃப்சைடு!” (பந்து நகருமுன்பே கோட்டைத் தாண்டிவிட்டார்) என்று ஸ்கேரி கத்த, ஒரு உதவிக் கோச் கோட்டருகே குனிந்து கவனித்தார். ஆஃப்சைடே இல்லை. பிரச்சினை வேகம்தான். கோச் பால் பிரவுன் அவரைக் கையோடு சேர்த்துக்கொண்டார். ஒஹையோ ஸ்டேட்டிலும் வில்லிஸுக்கு அவர்தான் கோச்.

கே: களத்துக்கு வெளியே அவமானம் உண்டா?

ப: உண்டு. 1946ல் மயாமியில் ஒரு ஆட்டம். ஃப்ளோரிடாவில் அன்று இனப்பிரிவினைச் சட்டம். வில்லிஸையும் மோட்லியையும் விட்டுவிட்டுத்தான் அணி போனது. பிரவுன் வேறென்ன செய்திருக்க முடியும் என்பார்கள். எனக்கென்னவோ அந்தச் சமாதானம் ஒட்டவில்லை.

கே: ஒரே ஒரு ஆட்டம் சொல்லுங்கள்.

ப: 1950 டிசம்பர் 17, நியூயார்க் ஜயன்ட்ஸுக்கு எதிரான ப்ளேஆஃப், அதாவது இறுதி ஆட்டத்துக்கு யார் போவது என்று தீர்மானிக்கும் ஆட்டம். என்எஃப்எல்லுக்கு வந்த முதல் வருடமே பிரவுன்ஸ் அதுவரை வந்துவிட்டது. நாலாவது கால்பகுதி, பிரவுன்ஸ் 3-0 முன்னிலை. ஜயன்ட்ஸின் ஜீன் ராபர்ட்ஸ் பந்தோடு தனியாக ஓடுகிறார், டச்டவுன் (கடைசிக் கோட்டைத் தாண்டி எடுக்கும் 6 புள்ளிகள்) நிச்சயம் என்ற நிலை. லைன்மேனான வில்லிஸ் துரத்திப் பிடித்து 4 கெஜக் கோட்டருகே சாய்த்தார். ஜயன்ட்ஸுக்குக் கிடைத்தது பந்தை உதைத்து எடுக்கும் ஃபீல்டு கோலின் 3 புள்ளிகள் மட்டும். பிரவுன்ஸ் 8-3 என்று ஜெயித்து, அடுத்த வாரம் ராம்ஸை 30-28 என வீழ்த்திக் கோப்பையும் வாங்கியது.

கே: சிறந்த ஃபுட்பால்காரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இருக்கிறாரா?

ப: 1977லிருந்து. 2007ல் காலமானார்.

கே: இன்றைக்கு ஆடினால் தேறுவாரா?

ப: லைனில் முடியாது. இன்று எதிரே வருபவர்கள் 140 கிலோ. ஆனால் அவர் சில சமயம் வரிசையிலிருந்து பின்வாங்கி நின்றும் ஆடுவார். மிடில் லைன்பேக்கர் என்று இன்று சொல்லும் இடம் ஏறக்குறைய அதுதான். அங்கே நிறுத்துங்கள், பிறகு பேசுவோம்.