கடைக்காரர் பதில்கள்: விளையாடும்போது குறுக்கே வரும் பெட்டிகள்

(விருதுநகரில் பதினோரு ஆண்டுகள் பிரவுசிங் சென்டர் நடத்திவிட்டு, இப்போது அதே கடையில் கம்ப்யூட்டர் பழுது பார்ப்பவர் பதில் சொல்கிறார்.)

கேள்வி: கேமில் ஓடுவதற்கு ஷிஃப்ட் கீயைத் தட்ட வேண்டியிருக்கிறது. அவசரத்தில் நாலைந்து முறை தட்டினால் ஒரு சத்தத்தோடு பெட்டி ஒன்று வந்து நடுவில் நிற்கிறது. அதை மூடுவதற்குள் என் ஆள் காலி. கீபோர்டு போய்விட்டதா?
— பொறியியல் மாணவர், நாகர்கோவில்

பதில்: கீபோர்டு நன்றாகத்தான் இருக்கிறது. இதே சந்தேகத்தில் புதுக் கீபோர்டு வாங்கி 250 ரூபாயைத் தொலைத்தவன் நான், அதனால் தைரியமாகச் சொல்கிறேன்.

பிரவுசிங் சென்டரில் அப்போது ஆறு கம்ப்யூட்டர். சாயங்காலம் ஐந்து மணிக்குப் பள்ளிக்கூடப் பையன்கள் வந்து உட்கார்ந்தால் கவுன்டர் ஸ்ட்ரைக் கேம்தான். சத்தமில்லாமல் நடக்க ஷிஃப்ட், குனிய கன்ட்ரோல். ஆறில் ஏதாவது ஒரு கம்ப்யூட்டர் திடீரென்று கூவும், கூடவே "அண்ணே, தொங்கிருச்சு!" என்ற கத்தலும் வரும். நான் எழுந்து போவதற்குள் பையன் எதையாவது அழுத்தி மூடியிருப்பான். என்ன அழுத்தினான் என்று நானும் கேட்டதில்லை.

ஒருநாள் பையன்கள் போன பிறகு, அதே கம்ப்யூட்டரில் ஓர் அக்கா வேலைக்கு விண்ணப்பம் அடிக்க உட்கார்ந்தார். ஒற்றை விரலால் ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தட்டுகிறவர். அடித்ததெல்லாம் பெரிய எழுத்தாக விழுந்தது. சரி, கேப்ஸ் லாக்காக இருக்கும் என்று அதைத் தட்டிப் பார்த்தேன். எழுத்து சின்னதாகிவிட்டது. ஆனால் 626001 என்று பின்கோடு அடித்தால் எண்ணுக்குப் பதில் அடைப்புக்குறியும் ஆச்சரியக்குறியும் வந்தன. அந்த அக்கா என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! கீபோர்டை மாற்றினேன். மாற்றிய பிறகும் அதேதான். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டு, அரைமணி நேரம் திண்டாடிய பிறகுதான் புரிந்தது: பையன் அந்தப் பெட்டியில் ஓகே கொடுத்திருக்கிறான், அப்புறம் விளையாட்டு மும்முரத்தில் ஷிஃப்டை இரண்டு தட்டு தட்டிப் பூட்டிவிட்டும் போயிருக்கிறான்.

அந்தப் பெட்டியின் பெயர் ஸ்டிக்கி கீஸ். ஒரே நேரத்தில் இரண்டு கீயை அழுத்த முடியாதவர்களுக்கான வசதி அது. ஷிஃப்டைத் தட்டி விரலை எடுத்துவிடலாம், அடுத்துத் தட்டும் எழுத்துக்கு ஷிஃப்ட் சேர்ந்துகொள்ளும். இரண்டு முறை தட்டினால் பூட்டிக்கொள்ளும். விண்டோஸ் 95 காலத்திலிருந்தே கூடவே வருகிறது. ஷிஃப்டை ஐந்து முறை தட்டுவதுதான் அதைக் கூப்பிடும் வழி. சாதாரணமாக யாரும் ஷிஃப்டை ஐந்து முறை தொடர்ந்து தட்டமாட்டார்கள் என்று நினைத்து வைத்திருக்கிறார்கள், கேம் ஆடுகிறவர்களை மறந்துவிட்டார்கள்.

விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸ் திறந்து, அக்ஸசிபிலிட்டி, அதில் கீபோர்டு, அதில் ஸ்டிக்கி கீஸ் என்ற பெயர் மேலேயே அழுத்துங்கள். உள்ளே 'கீபோர்டு ஷார்ட்கட் ஃபார் ஸ்டிக்கி கீஸ்' என்று இருக்கும். அதை அணைத்தால் பெட்டி வராது. விண்டோஸ் 10-இல் அக்ஸசிபிலிட்டிக்குப் பதில் ஈஸ் ஆஃப் ஆக்சஸ் என்ற பெயர். அந்தப் பக்கம் வரை போனவர், கீழே உள்ள இரண்டு தம்பிகளையும் பார்த்துவிட்டு வாருங்கள்: வலது ஷிஃப்டை எட்டு நொடி அழுத்திப் பிடித்தால் ஃபில்டர் கீஸ் எழும், நம் லாக் (Num Lock) கீயை ஐந்து நொடி பிடித்தால் டாகிள் கீஸ். அவற்றின் ஷார்ட்கட்டையும் அணைத்துவிடுங்கள்.

வீட்டில் வேறு யாராவது அதே கம்ப்யூட்டரைத் தொடுகிறார்களா என்று மட்டும் முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். என் கடைக்கு வரும் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவருக்குப் பக்கவாதத்துக்குப் பிறகு இடதுகை மட்டும்தான். அவர் கடிதம் எழுதுவது முழுக்க ஸ்டிக்கி கீஸால்தான். ஷார்ட்கட்டை அணைத்தாலும் வசதி எங்கும் போய்விடாது, அதே பக்கத்தில் போய்ப் போட்டுக்கொள்ளலாம்.

கேள்வி: விளையாடிக்கொண்டே இருக்கும்போது என் ஆள் அப்படியே நின்றுவிடுகிறான். எந்தக் கீயும் வேலை செய்வதில்லை. சாட் பெட்டியைத் திறந்தால் அதில் ஈஈஈஈ என்று வருகிறது. நண்பர்கள் கிண்டல் செய்கிறார்கள்.
— வாசகர், தேனி

பதில்: ஈ மொய்க்கிறது என்றால் நீங்கள் தமிழ்99 என்ற தமிழ் கீபோர்டு அமைப்பைப் போட்டு வைத்திருக்கிறீர்கள். முன்னால் நடக்க அழுத்தும் டபிள்யூ கீ அதில் ஈ. இடதுபக்கம் போகும் ஏ கீ அ, பின்னால் வரும் எஸ் கீ இ, வலதுக்கான டி கீ உ. கேம் டபிள்யூவை எதிர்பார்த்துக் காத்திருக்கிறது, நீங்கள் ஈயை அனுப்பிக்கொண்டிருக்கிறீர்கள்.

இடது ஆல்ட்டும் ஷிஃப்டும் சேர்ந்தால் மொழி மாறும் என்பது விண்டோஸில் ரொம்ப நாள் பழக்கம். கேமில் இரண்டும் பக்கத்துப் பக்கத்து விரலில் இருப்பதால் மாட்டிக்கொள்கிறோம். தமிழை எடுத்துவிடாதீர்கள், அந்த ஷார்ட்கட்டை எடுத்தால் போதும். செட்டிங்ஸில் டைம் அண்ட் லாங்குவேஜ், டைப்பிங், அட்வான்ஸ்டு கீபோர்டு செட்டிங்ஸ் என்று உள்ளே போனால் 'இன்புட் லாங்குவேஜ் ஹாட் கீஸ்' என்ற ஒரு வரி இருக்கும். அழுத்தினால் பழைய காலத்துச் சின்னப் பெட்டி ஒன்று திறக்கும். சேஞ்ச் கீ சீக்வன்ஸ் கொடுத்து, இரண்டு பக்கமும் 'நாட் அசைன்ட்' வைத்து ஓகே. இனி தமிழுக்கு மாற விண்டோஸ் கீயோடு ஸ்பேஸ் பார். அது கைதவறி விழாது.

நான் வீட்டில் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் ஆடுகிறவன். மகளுக்காகத் தமிழ்99 போட்ட அன்றைக்கே இந்த ஈ என்னையும் கடித்தது.

கேள்வி: மகன் மைன்கிராஃப்ட் ஆடும்போது வலதுபக்கம் கீழே "உங்கள் கம்ப்யூட்டரில் 5 வைரஸ்" என்று நிமிடத்துக்கு ஒன்று வருகிறது. கேமை அழித்துவிட்டுத் திரும்பப் போட்டும் நிற்கவில்லை. ஃபார்மட் செய்ய 800 ரூபாய் கேட்கிறார்கள்.
— வாசகி, ஈரோடு

பதில்: 800 ரூபாயைப் பத்திரமாக வையுங்கள் அம்மா. கேம் மேல் தவறில்லை, அநேகமாக வைரஸும் இல்லை. உங்கள் மகனோ நீங்களோ ஏதோ ஓர் இணையதளத்துக்கு 'அலோ' கொடுத்திருக்கிறீர்கள். கேமுக்கு இலவச மோட் (கேமில் கூடுதலாகச் சேர்க்கும் ஃபைல்) தேடும்போது, "நீங்கள் ரோபோ இல்லை என்று காட்ட அலோ அழுத்துங்கள்" என்று சில தளங்கள் கேட்கும். ரோபோவுக்கும் அதற்கும் சம்பந்தமே கிடையாது. அந்த அனுமதி, நினைத்தபோதெல்லாம் உங்கள் திரையில் சீட்டு ஒட்ட அவர்களுக்குக் கொடுக்கும் சாவி.

அடுத்த சீட்டு வரும்போது மூட அவசரப்படாமல் பாருங்கள். கூகுள் குரோம் என்றோ எட்ஜ் என்றோ எழுதியிருக்கும், பக்கத்தில் தளத்தின் பெயரும் இருக்கும். குறித்துக்கொள்ளுங்கள். குரோமில் செட்டிங்ஸ், பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, சைட் செட்டிங்ஸ், நோட்டிஃபிகேஷன்ஸ். அலோ பட்டியலில் அந்தப் பெயர் இருக்கும், நீக்கிவிடுங்கள். பெயர் தெரியாத வேறு நாலைந்தும் இருந்தால் அவற்றையும் நீக்குங்கள். கையோடு, மேலே எந்தத் தளமும் கேட்கவே கூடாது என்று ஒரு வழி இருக்கும், அதையும் தேர்ந்தெடுத்துவிடுங்கள். சீட்டில் உள்ள போன் நம்பருக்கு மட்டும் எக்காரணம் கொண்டும் பேசாதீர்கள்.

அதற்குப் பிறகும் வந்தால், மகன் இறக்கிய மோட் எதிலாவது வேறு ஏதாவது ஒட்டிக்கொண்டு வந்திருக்கலாம். அப்போது விண்டோஸ் செக்யூரிட்டியில் ஃபுல் ஸ்கேன் ஓட்டிப் பாருங்கள். ஃபார்மட் எல்லாம் கடைசி.

கேள்வி: பாப்-அப்பை நிறுத்த 'கேம் பூஸ்டர்' என்று ஒன்று இலவசமாகக் கிடைக்கிறதே, போடலாமா?
— வாசகர், திருப்பூர்

பதில்: வேண்டாம். நான் போட்டுப் பார்த்த ஒன்று, "காசு கொடுத்து முழுப் பதிப்பு வாங்குங்கள்" என்று மணிக்கொரு பாப்-அப் விட்டது.

கேள்வி: அரைமணிக்கு ஒருமுறை கறுப்பு ஜன்னல் ஒன்று ஒரு நொடி தெரிந்து மறைகிறது. அதற்குள் கேம் மினிமைஸ் ஆகிவிடுகிறது. என்ன எழுதியிருக்கிறது என்று படிக்கக்கூட முடியவில்லை.
— வாசகர், காரைக்குடி

பதில்: படிக்க வேண்டாம், மணியைப் பாருங்கள். வந்த நிமிடத்தைத் துண்டுச் சீட்டில் எழுதுங்கள், மூன்று முறை. பிறகு டாஸ்க் ஷெட்யூலர் திறந்து, லைப்ரரியில் 'லாஸ்ட் ரன் டைம்' என்ற பத்தியை அந்த நிமிடங்களோடு ஒப்பிடுங்கள். குறிப்பிட்ட நேரத்துக்குத் தானாக ஓடும் ஏதோ ஒரு வேலைதான் பெரும்பாலும் இப்படி எட்டிப்பார்க்கும். மைக்ரோசாஃப்ட் என்ற ஃபோல்டருக்குள்ளும் தேடுங்கள். எது என்று தெரிந்தாலும் அழிக்காதீர்கள். 'டிஸேபிள்' கொடுத்து இரண்டு நாள் பாருங்கள், ஏதாவது கெட்டால் திரும்பப் போட்டுக்கொள்ளலாம்.

கேள்வி: கன்ட்ரோலுக்குப் பதில் விண்டோஸ் கீயை அழுத்திவிடுகிறேன். ஸ்டார்ட் மெனு வந்துவிடுகிறது.
— வாசகர், கோவில்பட்டி

பதில்: கேமிங் கீபோர்டு என்றால் விண்டோஸ் கீயைப் பூட்ட ஒரு வழி இருக்கும், பெரும்பாலும் எஃப்என் கீயோடு சேர்த்து அழுத்த வேண்டும். சாதாரணக் கீபோர்டு என்றால் மைக்ரோசாஃப்டின் பவர்டாய்ஸ் என்ற சாஃப்ட்வேர் இலவசம், அதில் கீபோர்டு மேனேஜரில் அந்தக் கீயை முடக்கலாம். நான் கடையில் இதெல்லாம் செய்யவில்லை. ஸ்க்ரூடிரைவரால் நெம்பி ஆறு கீபோர்டிலும் அந்த மூடியைக் கழற்றி ஒரு தீப்பெட்டியில் போட்டு வைத்தேன். பையன்கள் விரல் பள்ளத்தில் விழுந்ததும் உஷாராகிவிடுவார்கள்.

கேள்வி: வாட்ஸ்அப், மெயில், அப்டேட் எல்லாவற்றையும் விளையாடும் நேரத்துக்கு மட்டும் வாயை மூட வைக்க முடியுமா?
— வாசகி, சேலம்

பதில்: முடியும். விண்டோஸ் 11-இல் செட்டிங்ஸ், சிஸ்டம், நோட்டிஃபிகேஷன்ஸ் போய், டூ நாட் டிஸ்டர்பைத் தானாகப் போடும் பகுதியில் 'கேம் ஆடும்போது' என்பதை டிக் செய்யுங்கள். ஃபுல் ஸ்கிரீனில் இருக்கும்போது என்று இன்னொன்றும் இருக்கும், அதையும். விண்டோஸ் 10-இல் இதற்கு ஃபோகஸ் அசிஸ்ட் என்று பெயர். வந்தவை தொலைந்துபோகாது. ஆட்டம் முடிந்து விண்டோஸ் கீயோடு 'என்' (N) கீயை அழுத்தினால் (விண்டோஸ் 10 என்றால் 'ஏ' (A) கீ) வரிசையாக நிற்கும். அப்டேட்டுக்காக ரீஸ்டார்ட் ஆவது உங்களுக்குத் தொல்லை என்றால் விண்டோஸ் அப்டேட்டில் ஆக்டிவ் ஹவர்ஸ் போடுங்கள், 18 மணி நேரம் வரை விடும்.

இதைப் போட்ட முதல் ஞாயிற்றுக்கிழமையே நான் மாட்டிக்கொண்டேன். மொட்டைமாடியில் வடகம் காயப்போட்டுக்கொண்டிருந்த என் மனைவி, "மூணு விசில் வந்ததும் குக்கரை அணைச்சிடுங்க" என்று வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார். போன் சார்ஜில் அடுத்த அறையில், காதில் ஹெட்செட், கம்ப்யூட்டர் வாயை மூடிக்கொண்டிருந்தது. பருப்பு அடிப்பிடித்த வாசனைதான் முதலில் வந்தது. அதே பக்கத்தில் 'செட் பிரையாரிட்டி நோட்டிஃபிகேஷன்ஸ்' என்று இருக்கிறது. அதில் ஆட் ஆப்ஸ் கொடுத்து வாட்ஸ்அப்பை மட்டும் சேர்த்துவிடுங்கள்.