ரீச்சரிடம் கேளுங்கள்: டில்சிட்டிலிருந்து வந்த நடிகர்

நிலாவெளி வாசகி ஒருவர்: ரீச்சர், ஜேர்மனியில் இருக்கும் மகனிடம் போயிருந்தபோது ஒரு படம் பார்த்தோம். பியானோ வாசிக்கும் பிள்ளையைத் தகப்பன் கட்டியும் அணைக்கிறார், அதே கையால் அடித்தும் வதைக்கிறார். அந்த மனிசனில் எனக்குப் பொல்லாத கோபம். ஆனால் கண்ணை எடுக்க முடியவில்லை. "இவர் ஜேர்மன்காரர், அப்பம்மா" என்று பேத்தி சொன்னாள். யார் அவர்?

அம்மா, நீங்கள் பார்த்தது 1996இல் வந்த 'ஷைன்' என்ற ஆஸ்திரேலியப் படம். தகப்பனாக நடித்தவர் ஆர்மின் முல்லர் ஸ்டால். அந்த வேடத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஒஸ்கார் பரிந்துரை அவருக்குக் கிடைத்தது.

உங்களுக்குக் கோபம் வந்தும் கண்ணை எடுக்க முடியாமல் போனதற்குக் காரணம் இருக்கிறது. அவர் அந்தத் தகப்பனை வில்லனாக நடிக்கவில்லை. குடும்பத்தையே யூத இன அழிப்பில் பறிகொடுத்த மனிதன், மிச்சமிருப்பவர்களையும் இழந்துவிடுவேனோ என்ற பயத்தில் பிள்ளையை இறுக்கிப் பிடிக்கிறான். அந்தப் பிடிதான் பிள்ளையை நொறுக்குகிறது. சின்ன வயதில் தான் காசு சேர்த்து வாங்கிய வயலினைத் தன் அப்பா உடைத்த கதையை அவன் மகனுக்குச் சொல்வான், நினைவிருக்கிறதா? முல்லர் ஸ்டால் உண்மையிலேயே வயலின் படித்தவர். நடிப்புக்கு வருமுன் இசைதான் அவருடைய துறை. எங்கள் நாடகப் பிள்ளைகளுக்கு இந்தப் படத்தின் சில காட்சிகளைச் சத்தத்தை நிறுத்திவிட்டுப் போட்டுக் காட்டுவேன். வசனம் இல்லாமலே அவருடைய தோளும் கையும் முழுக் கதையையும் சொல்லிவிடும்.

பிறந்தது 1930 டிசம்பர் 17, கிழக்குப் பிரஷ்யாவின் டில்சிட் நகரில். போரில் தகப்பனை இழந்தார். போர் முடிய டில்சிட்டும் ஜேர்மனியின் கையை விட்டுப் போனது. இப்போது அது ரஷ்யாவில் சோவெட்ஸ்க் என்ற பெயரில் இருக்கிறது. பிறந்த ஊர் வரைபடத்தில் வேறு பெயரோடு, வேறு நாட்டுக்குள். ஊரை விட்டு ஓடின சனத்துக்கு, அதுவும் திருகோணமலைச் சனத்துக்கு, இதை நான் விளக்க வேண்டியதில்லை.

கிண்ணியா வாசகர் ஒருவர்: முன்பு ஒருமுறை நீங்கள் எழுதியபோது, இவர் கிழக்கு ஜேர்மனியில் பெரிய நட்சத்திரம் என்றீர்கள். அப்படியென்றால் ஏன் நாட்டை விட்டுப் போனார்?

ஒரு கையெழுத்துக்காக.

1960களில் கிழக்கு ஜேர்மனியின் முன்னணி நடிகர்களில் அவர் ஒருவர். புக்கன்வால்ட் வதைமுகாமில் கைதிகள் ஒரு குழந்தையை ஒளித்துக் காப்பாற்றும் 'ஓநாய்களின் நடுவே நிர்வாணமாய்' (1963) அவருடைய முக்கியமான படங்களில் ஒன்று. 1973இல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் அந்த அரசின் உளவாளியாக, கதாநாயகனாக நடித்தார். அரசுக்கு இதைவிட விருப்பமான முகம் வேறு என்ன வேண்டும்?

1976 நவம்பரில், மேற்கு ஜேர்மனிக்குப் பாடப்போன பாடகர் வொல்ஃப் பியர்மனின் குடியுரிமையை அரசு பறித்து, அவரைத் திரும்பி வரவிடாமல் செய்தது. எழுத்தாளர்களும் கலைஞர்களும் எதிர்த்துக் கையொப்பமிட்டார்கள். முல்லர் ஸ்டாலும் போட்டார். அதற்குப் பிறகு வேலை வரவில்லை. அந்த வெறும் காலத்தில் உட்கார்ந்து ஒரு நாவல் எழுதினார். 1980இல் குடும்பத்தோடு மேற்கே போனார். ஐம்பதைத் தொடும் வயது அப்போது.

இன்னொரு விஷயமும் சொல்ல வேண்டும். 80களின் முற்பகுதியில் எங்கள் பொடியள் எத்தனையோ பேர் கிழக்கு பேர்லினில் விமானம் இறங்கி, அங்கிருந்து மேற்கு பேர்லினுக்குள் போய்த்தான் அகதி விண்ணப்பம் கொடுத்தார்கள். அந்த நடிகர் விட்டுப் போன நாட்டின் வழியாகத்தான் எங்களவர்களும் போனார்கள். பொடியளிடம் ஒரு பை இருந்தது. அவரிடம் பெயராவது இருந்தது. ஆனால் மேற்கில் அந்தப் பெயருக்குக் கிழக்கில் இருந்த எடை இல்லை. திரும்பவும் முதல் படியிலிருந்து ஏறினார். மேற்கு ஜேர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் 'லோலா' (1981) அவருக்குக் கதவைத் திறந்தது. அப்புறம் ஹொலிவூட். 1989இல் வந்த 'மியூசிக் பொக்ஸ்' படத்தில் போர்க்குற்றம் சுமத்தப்பட்ட, சிக்காகோவில் குடியேறிய ஹங்கேரியக்காரர். அடுத்த வருடம் 'அவலோன்' படத்தில் பால்டிமோரில் குடியேறிய தாத்தா. இரண்டுமே அந்நிய மண்ணில் வேர்விட்டவர்களின் கதைகள் என்பதைக் கவனியுங்கள். 1992இல் பேர்லின் திரைப்பட விழாவில் 'உட்ஸ்' படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி விருது. எந்த நகரத்தின் கிழக்குப் பகுதி அவருக்கு வேலை கொடுக்க மறுத்ததோ, அதே பேர்லினில். இது எனக்கு மிகவும் பிடித்த செய்தி.

உவர்மலை மாணவி: ரீச்சர், ஒரு நாடகத் தெரிவில் "உனக்கு நடிப்பு வராது" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். விட்டுவிடவா?

தங்கச்சி, முல்லர் ஸ்டாலையும் பேர்லினில் நடிப்புப் பள்ளியொன்று ஒரு வருடத்தோடு வெளியே அனுப்பியது. சொன்ன காரணம், திறமை போதாது என்பது. கொஞ்சக் காலத்தில் கிழக்கு பேர்லினின் ஃபோல்க்ஸ்பூன அரங்கில் அவர் மேடை ஏறிவிட்டார். ஒருநாள் தெரிவில் ஒரு பிள்ளையை முழுதாக அளக்க முடியாது. இத்தனை பிள்ளைகளைப் பழக்கியவள் என்ற முறையில் சொல்கிறேன். ஆனால் தெரிவில் ஏதாவது குறிப்பாகச் சொன்னார்களா? குரல் கேட்கவில்லை, கை அசையவில்லை என்று? சொல்லியிருந்தால் அதை எழுதி வைத்து அதில் வேலை செய்யுங்கள். பிறகு எனக்கு எழுதுங்கள், நான் பார்க்கிறேன்.

மூதூர் வாசகர் ஒருவர்: இவருடைய எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்?

தம்பி, 'நைட் ஓன் ஏர்த்' (1991). ஐந்து நகரங்கள், ஐந்து டாக்சிகள். நியூயோர்க் பகுதியை முதலில் பாருங்கள். கிழக்கு ஜேர்மனியில் கோமாளியாக இருந்தவர் இப்போது டாக்சிக்காரர். கார் ஓட்டத் தெரியாததால் பயணியே ஸ்டியரிங்கைப் பிடிப்பார். இவரோ இரண்டு குழலை ஒன்றாக வாயில் வைத்து ஊதிக் காட்டுவார். அதற்குப் பிறகு 'ஷைன்'. ஜேர்மன் தொலைக்காட்சி பார்க்க ஆசையென்றால், எழுத்தாளர் தோமஸ் மன்னாக அவர் நடித்த 2001ஆம் ஆண்டுத் தொடரைத் தேடுங்கள். மூன்று பாகம், நிதானமாகப் போகும், சப்டைட்டிலோடு பாருங்கள்.