கடல் வளைவில் மறைந்து வரும் ஏவுகணை: பள்ளிக் கண்காட்சியில் எதைக் காட்டுவது?

கேள்வி: கோட்டையூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் அறிவியல் ஆசிரியையாக இருக்கிறேன். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் மூன்று பேர் கண்காட்சிக்கு பிரம்மோஸ் ஏவுகணை மாதிரி செய்ய ஆசைப்படுகிறார்கள். பி.வி.சி. பைப்பில் உருவம் செய்து பெயின்ட் அடித்தால் போதுமா? நடுவர் கேட்டால் விளக்கும்படி வேறு என்ன வைக்கலாம்? கொஞ்சம் வெடிமருந்து வைத்துப் பறக்கவிடலாமா என்றும் ஒருவன் கேட்கிறான்.

பதில்: கடைசிக் கேள்விக்கு முதலில் சொல்லிவிடுகிறேன், டீச்சர். வேண்டவே வேண்டாம். பட்டாசைப் பிரித்து மருந்தைக் குழாயில் அடைக்கும் வேலை கையையும் கண்ணையும் கேட்கும். பறக்கவிடாமலே காட்டக்கூடியதுதான் இந்த ஏவுகணையின் சிறப்பு.

பைப் உருவம் இருக்கட்டும், ஓரமாக. மேசையின் நடுவில் வைக்க வேண்டியது பூமியின் வளைவு. பிரம்மோஸ் போலக் கப்பலைத் தாக்கும் ஏவுகணையின் வடிவமைப்பில் பாதியைத் தீர்மானித்தது அதுதான். ஊருணிக் கரையின் ஒரு சரிவில் குனிந்து வருபவரை மறு சரிவில் நிற்பவருக்குத் தெரியாது. மாடியில் நிற்பவர் கொஞ்சம் முன்னதாகவே பார்த்துவிடுவார். கடலும் அப்படி ஒரு கரைதான். ரேடார் அலை ஏறக்குறைய நேர்கோட்டில் போவதால் வளைவுக்கு அப்பால் தாழ்வாக வருவது கண்ணில் படாது.

இதற்குப் பிள்ளைகளே போடக்கூடிய கணக்கு ஒன்று உண்டு. ரேடாரின் உயரம், ஏவுகணையின் உயரம் இரண்டுக்கும் மீட்டரில் வர்க்கமூலம் எடுத்துக் கூட்டி, 4.12 ஆல் பெருக்கினால் எத்தனை கிலோமீட்டரில் தென்படும் என்பது கிடைக்கும். கப்பலின் ரேடார் 16 மீட்டர் உயரத்தில் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். ஏவுகணை 225 மீட்டரில் வந்தால் 78 கிலோமீட்டரிலேயே தெரிந்துவிடும். 4 மீட்டரில் வந்தால் 25 கிலோமீட்டருக்குள் வந்த பிறகுதான் தெரியும். நொடிக்கு 300 மீட்டர் வேகம் என்றால் முதல் வகையில் கப்பலுக்கு நான்கு நிமிடத்துக்கு மேல் அவகாசம், இரண்டாவதில் 82 நொடி.

வரலாறும் இதே பாதையில்தான் போயிருக்கிறது. 1967 அக்டோபர் 21 அன்று எகிப்தின் சிறு படகுகள் சோவியத் பி-15 ஏவுகணைகளை ஏவி இஸ்ரேலின் எய்லாத் போர்க்கப்பலை மூழ்கடித்தன. 1971 டிசம்பர் 4 இரவு நம் கடற்படை கராச்சிக்கு வெளியே பயன்படுத்தியதும் அதே ஏவுகணையைத்தான். அந்த நாள்தான் இன்று கடற்படை நாள். ஆனால் பி-15 நூறு மீட்டருக்கு மேல் பறந்து வருவது. அலைகளை உரசுவதுபோல் தாழப் பறக்க, கீழே உள்ள நீரின் தூரத்தை இடைவிடாமல் அளக்கும் ரேடார் உயரமானி வேண்டும். பிரான்சின் எக்சோசெட் அப்படித்தான் வந்தது. 1982 மே 4 அன்று ஃபாக்லாந்து போரில் பிரிட்டனின் ஷெஃபீல்டு கப்பலைத் தாக்கியது அந்த ஏவுகணை. 20 பேர் இறந்தார்கள். இந்த எண்ணையும் அட்டையில் எழுதச் சொல்லுங்கள். பிள்ளைகள் செய்வது ஆயுதத்தின் மாதிரி என்பது அவர்களுக்கு மறக்கக் கூடாது.

தாழப் பறப்பதில் ஒரு சிக்கலும் உண்டு. கப்பலுக்கு அது தெரியாதபோது அதற்கும் கப்பல் தெரியாது. அதனால் முதலில் சொல்லிவிட்ட இடத்தை நோக்கி உள்ளிருக்கும் வழிகாட்டிக் கருவியை நம்பிப் போகும். மூக்கிலுள்ள தேடு ரேடாரைக் கிட்ட வந்த பிறகே போடும், முன்னதாகப் போட்டால் அதன் அலையே காட்டிக்கொடுத்துவிடும். 120 கிலோமீட்டரை நொடிக்கு 300 மீட்டரில் கடக்க 400 நொடி ஆகும். அதற்குள் 30 நாட் (மணிக்குச் சுமார் 55 கிலோமீட்டர்) வேகக் கப்பல் 6 கிலோமீட்டர் நகர்ந்திருக்கும், கிட்டத்தட்ட உங்கள் ஊரிலிருந்து காரைக்குடிக்கு வரும் தூரம்.

பிரம்மோஸ் இதற்கு வேகத்தால் பதில் சொல்கிறது. இந்தியாவும் ரஷ்யாவும் 1998 இல் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு, 2001 ஜூன் 12 அன்று ஒடிசாவின் சண்டிப்பூரில் முதலில் சோதித்தார்கள். பிரம்மபுத்ரா, மாஸ்க்வா ஆறுகளின் பெயர்களைச் சேர்த்து வந்தது பிரம்மோஸ் என்ற பெயர். அந்தத் திட்டத்தை முன்நின்று நடத்திய சிவதாணுப் பிள்ளை நாகர்கோவில்காரர். ஒலியைப் போல் 2.8 மடங்கு வேகம். அதன் ராம்ஜெட் எஞ்சினில் சுழலும் பாகம் கிடையாது, பாய்ந்து வரும் காற்றைத் தன் வேகத்தாலேயே அமுக்கிக்கொள்ளும். நின்ற இடத்தில் அது வேலை செய்யாது. ஆகவே திட எரிபொருள் ராக்கெட் ஒன்று முதலில் உந்திவிட்டுக் கழன்றுவிடும். உங்கள் மாதிரியில் அந்தப் பின்பகுதி தனியாகக் கழலட்டும், மூக்கில் காற்று நுழையும் வாயும் இருக்கட்டும். நடுவர் அங்கேதான் கேட்பார்.

வளைவைச் செய்வது எளிது. நீளமான மூங்கில் தப்பையை வில்லாக வளைத்துப் பலகையில் ஆணி அடியுங்கள். ஒரு முனையில் அட்டைக் கப்பல். அதன் ரேடாரிலிருந்து வளைவைத் தொட்டபடி ஒரு நூலை இழுத்துக் கட்டுங்கள். மறுபக்கம் கம்பியில் ஏவுகணையை நகர்த்தினால் நூலுக்குக் கீழே இருக்கும்வரை மறைவு, மேலே வந்தால் வெளிச்சம். வளைவு பெரிதாக்கிக் காட்டப்பட்டது என்று ஒரு சீட்டில் எழுதி ஒட்டுவது அவசியம். இல்லையென்றால் கவனமான நடுவர் மதிப்பெண் குறைப்பார், குறைக்கவும் வேண்டும்.

இன்னொன்று. ஏவுகணை ஆண்டுக்கணக்கில் மூடிய குழலில் கிடந்துவிட்டு ஒரே நொடியில் விழிக்க வேண்டும். அதற்கான வெப்ப மின்கலத்தில் உப்பு திடமாக உறைந்திருக்கும். தேவைப்படும்போது உள்ளேயே சூடேற்றி உருக்கினால் உடனே மின்சாரம் வரும். மின்வேதியியலுக்கென்று அழகப்பச் செட்டியார் நிலமும் பணமும் கொடுத்து உருவான சிக்ரி ஆராய்ச்சி நிறுவனம் உங்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. முன்கூட்டியே கடிதம் எழுதி அனுமதி வாங்கிப் பிள்ளைகளை ஒருமுறை அழைத்துப் போங்கள்.

கண்காட்சி அன்று ஒரு பிள்ளையிடம் ஸ்டாப்வாட்ச் கொடுங்கள். 25 கிலோமீட்டரை பிரம்மோஸ் கடக்கும் 26 நொடியை வந்தவர்கள் முன்னால் அவள் வாய்விட்டு எண்ணட்டும்.