புதுசா வழக்குப் போடாதீர்கள்!

கேள்வி: நான் தூத்தூரைச் சேர்ந்த ஆழ்கடல் மீனவன். வீட்டுக்குப் போகும் வழியைப் பக்கத்துக்காரர் அடைத்ததால் குழித்துறை கோர்ட்டில் வழக்குப் போட்டேன். நான் கடலில் இருந்தபோது வாய்தா, வக்கீலும் போகவில்லை, எதிர்தரப்பு வந்திருந்தது. தள்ளுபடியாகி 18 நாளாச்சு. புதுசா ஒரு கேஸ் போட்டுக்கொள் என்கிறார்கள். கடலில் கிடப்பவனுக்கு இதுதான் நீதியா?

பதில்: புதுசா போடவே போடாதீர்கள். இரண்டு தரப்பும் வராமல் தள்ளுபடியாகியிருந்தால் அதற்கு வழி உண்டு. எதிராளி வந்து நீங்கள் வராமல் போனதால், அதே விஷயத்துக்காக மறுபடி வழக்குப் போடுவதை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 9 தடுக்கிறது. என் உறவினர் ஒருவர் இப்படித்தான் யார் பேச்சையோ கேட்டுப் புதிதாகப் போட்டு, இரண்டு வருஷம் அலைந்து, எதிர்தரப்பு வக்கீல் இந்த விதியைக் காட்டியதும் வெறுங்கையோடு திரும்பினார்.

உங்கள் வழி யாருடையது என்று கோர்ட் இன்னும் எதுவும் சொல்லவில்லை. தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள் அதே கோர்ட்டில் வழக்கைத் திரும்ப எடுக்கக் கேட்டு மனுப் போட வேண்டும், அதாவது உங்களுக்கு 12 நாள்தான் பாக்கி (இதழ் வரும்வரை காத்திருக்க முடியாது என்பதால் போனிலும் சொல்லிவிட்டேன்). படகு தேங்காய்ப்பட்டணத்திலிருந்து கிளம்பியதா கொச்சியிலிருந்தா, கிளம்பிய நாள், கரை சேர்ந்த நாள், எல்லாவற்றையும் படகு உரிமையாளரிடம் எழுதி வாங்கி மனுவோடு வையுங்கள். எதிராளிக்குச் செலவுத்தொகை கட்டச் சொன்னால் முனகாமல் கட்டுங்கள். 30 தாண்டினால் தாமதத்துக்கு மன்னிப்புக் கேட்டு இன்னொரு மனு, அப்புறம் ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்லிக்கொண்டிருக்க வேண்டும். வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே 1981-ல் சொல்லியிருக்கிறது, ஆனால் அதை மட்டும் நம்பி நிற்காதீர்கள்.

நீதியா என்று கேட்டீர்கள். டவாலி மூன்று தடவை பெயர் சொல்லிக் கூப்பிடும்போது, கூலியை விட்டுவிட்டு பஸ் ஏறி வந்த எதிராளியும் வராந்தாவில்தான் நிற்கிறார், அவரையும் யோசிக்க வேண்டும். ஆனால் வாய்தா வாய்தாவாக இழுத்தடிப்பவரையும் கடலில் இருந்து ஒரே ஒரு தடவை தவறியவரையும் ஒன்றாக நடத்துவதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அந்த வித்தியாசத்தை நீதிபதிக்குக் காட்டத்தான் இந்த மனு.

சரி, இனி கடலுக்குப் போகும்முன் வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் தரப்படும் தனி அடையாள எண்) வீட்டில் எழுதி வையுங்கள். இ-கோர்ட்ஸ் ஆப்பில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா தெரியும், உங்கள் மனைவியே முந்தின நாள் வக்கீலைக் கூப்பிட்டுக் கேட்டுவிடலாம்.